பேரம் பேசும் காட்சிகள்: ஹெல்லா வுவோலியோகியின் திரை வாழ்க்கை

பின்லாந்தின் ஹாமே மாகாணத்தில் நடப்பதாகச் சொல்லப்படும் ஒரு பண்ணைவீட்டின் கதை 1938க்கும் 1984க்கும் இடையில் ஏழு முறை திரைப்படமாகியிருக்கிறது. அந்த வீட்டின் பெயர் நிஸ்காவுவோரி. நிலம், கடன், சீதனம், ஊரறிந்த கள்ள உறவு, வீட்டுச் சாவியை விட மறுக்கும் மூதாட்டி என்று தலைமுறைகளாக நீளும் வழக்கு அது. முதல் படம் வந்தபோது நாட்டின் மக்கள்தொகை 40 லட்சத்தைக்கூடத் தொடவில்லை. பின்லாந்துக்காரர்கள் தங்கள் கிராமத்தின் முகமாகவே எடுத்துக்கொண்ட அந்தக் கதையை எழுதியவர் பின்லாந்தில் பிறந்தவர் இல்லை. எஸ்தோனியாவில் பிறந்து, 18 வயதில் ஹெல்சின்கிக்குப் படிக்க வந்து, வணிகத்தில் சம்பாதித்து, அதை மர வியாபாரத்தில் தொலைத்து, 50 வயதை நெருங்கும்போது வருமானத்துக்காகவும் நாடகம் எழுதிய ஒரு பெண். நாடகத்தின் முகப்பில் இருந்ததோ யுஹானி தெர்வாபா என்ற ஆண் பெயர். அந்தப் பெயருக்குப் பின்னால் இருந்தவர் ஹெல்லா வுவோலியோகி.

அவரைத் திரைக்கதை ஆசிரியர் என்று சொல்லலாமா என்று கேட்பவர்கள் உண்டு. அவருடைய பெரும்பாலான படைப்புகள் முதலில் மேடைக்கு எழுதப்பட்டவை; திரைக்கு மாற்றும் வேலையை ஸ்டுடியோக்கள் தங்கள் வழக்கப்படி செய்துகொண்டன. ஆனால் 1930களின் பின்லாந்து சினிமா எப்படி நடந்தது என்று பார்த்தால் இந்தக் கேள்வியின் கூர்மை மழுங்கிவிடும். சுவோமி-ஃபில்மி, சுவோமென் ஃபில்மிதெயோல்லிசூஸ் என்று இரண்டு பெரிய நிறுவனங்கள். சந்தை சின்னது, மொழியைத் தாண்டி விற்க முடியாது, ஒரு படம் தோற்றால் அடுத்த படம் ஆட்டங்காணும். ஆகவே மேடையில் ஏற்கெனவே கூட்டம் சேர்த்த நாடகத்தை எடுப்பதுதான் பாதுகாப்பான வழி. அப்படி எடுக்கும்போது பார்வையாளர் கேட்க வந்த வசனத்தில் கைவைக்கத் துணிந்தவர்கள் குறைவு. கதாபாத்திரம், காட்சியின் கட்டுமானம், பேச்சு மூன்றும் மேடையிலிருந்தே திரைக்கு வந்தன. அந்தக் காலத்தில் ஒரு படத்தை எழுதியவர் என்றால் நாடகத்தை எழுதியவர்தான். பிறகு வுவோலியோகியின் மார்லேபேக் பண்ணையில் நடந்த ஒரு கூட்டெழுத்துக்கு மூலமாக இருந்ததும் மேடைக்கும் திரைக்குமாக அவர் வரைந்து வைத்திருந்த ஒரு கதைதான்.

அவருடைய எழுத்தைத் தொடர்ந்து படிப்பவருக்கு ஒன்று படும். அவருடைய நல்ல காட்சிகள் எல்லாம் பேரம். இரண்டு பேர் ஒரு மேசைக்கு எதிரெதிரே உட்கார்ந்திருப்பார்கள். காதலைப் பற்றியோ கௌரவத்தைப் பற்றியோ பேசுவார்கள். ஆனால் பேச்சுக்கு அடியில் ஏக்கர் கணக்கு ஓடிக்கொண்டிருக்கும். யாரிடம் என்ன இருக்கிறது, யார் எதை விட்டுக்கொடுப்பார், எந்த நேரத்தில் எழுந்து போவதாகப் பாவனை செய்ய வேண்டும் என்பது அவருக்கு அத்துப்படி. புத்தகத்தில் படித்து வந்த அறிவு இல்லை அது. மர வியாபாரிகளோடும் வங்கிக்காரர்களோடும் வருடக்கணக்கில் பேசிப் பழகிய நாக்கு.

எல்லா மர்ரிக் என்பது பிறப்புப் பெயர். 1886 ஜூலை 22 அன்று, அப்போது ரஷ்யப் பேரரசுக்குள் இருந்த தெற்கு எஸ்தோனியாவில் பிறந்தார். தார்த்துவில் பள்ளி முடித்து 1904இல் ஹெல்சின்கி பல்கலைக்கழகத்துக்கு வந்தார். பின்லாந்தும் ஜார் ஆட்சியின் கீழ்தான் இருந்தது, ஆனால் மூச்சுவிட அங்கே இடம் கொஞ்சம் கூடுதல். அடுத்த ஆண்டே பொது வேலைநிறுத்தம் பேரரசு முழுவதையும் உலுக்கியது. நாட்டார் வழக்காறு படிக்க வந்த மாணவி அரசியல் கூட்டங்களில் உட்கார்ந்தார். 1908இல் முதுகலைப் பட்டம் பெற்றார். அந்தப் பட்டத்தை அடைந்த முதல் எஸ்தோனியப் பெண் இவர்தான் என்பார்கள். அதே ஆண்டு சமூக ஜனநாயகக் கட்சியைச் சேர்ந்த சூலோ வுவோலியோகியை மணந்தார். சூலோ ஹாமேயின் நிலவுடைமைக் குடும்பத்துப் பிள்ளை. ஹௌஹோ பகுதியில் இருந்த அந்தக் குடும்பத்து வீட்டில்தான், பிற்காலத்தில் நிஸ்காவுவோரியாக மாறப்போகும் அறைகளையும் சமையலறையையும் மாமியார்களையும் மருமகள் என்ற இடத்திலிருந்து இவர் பார்த்தார். வீட்டுக்கு உள்ளே இருந்தும் வெளியாளாகவே இருந்தவரின் கண் அது. நாடகாசிரியருக்கு அதைவிட நல்ல இருக்கை கிடைக்காது.

இங்கே ஒரு கிளைக்கதை. ஹெல்லாவின் தங்கை சல்மேயும் இடதுசாரி. அவர் லண்டனுக்குப் போய், பிரிட்டிஷ் கம்யூனிஸ்ட் கட்சியின் கோட்பாட்டாளர் ரஜனி பாமே தத்தை மணந்தார். வங்காள மருத்துவருக்கும் ஸ்வீடன் நாட்டுப் பெண்ணுக்கும் கேம்பிரிட்ஜில் பிறந்த அதே பாமே தத். 1940இல் வந்த அவருடைய ‘இந்தியா டுடே’ நூல் நம் இடதுசாரிகள் ஒரு தலைமுறைக்குக் கையில் வைத்திருந்த புத்தகம். இந்த இரு சகோதரிகளின் வாழ்க்கையை ஹெல்லாவின் மகள்வழிப் பேரனும் பின்லாந்தின் வெளியுறவு அமைச்சராக இருந்தவருமான எர்க்கி துவோமியோயா தனி நூலாக எழுதியிருக்கிறார்.

முதல் உலகப் போர்க் காலத்தில் சூலோவின் பொருளாதாரம் சரிந்தது. ஹெல்லா வணிகத்தில் இறங்கினார். தானியம், காப்பி, பிறகு மரம். ஐந்தாறு மொழிகள் கைவசம் இருந்ததும் யாரோடும் உட்கார்ந்து பேசக் கூச்சப்படாததும் மூலதனமாயின. 1920இல் தென்கிழக்குப் பின்லாந்தின் இட்டி வட்டாரத்தில் மார்லேபேக் என்ற பண்ணையை வாங்கினார். 1923இல் மணமுறிவு. ஒரு பக்கம் அவர் வரவேற்பறையில் தூதர்களும் வங்கிக்காரர்களும். மறுபக்கம், 1918இன் உள்நாட்டுப் போரில் தோற்று ரஷ்யாவுக்கு ஓடிய சிவப்பு அணியின் தலைவர் ஓட்டோ கூசினென் ரகசியமாக நாடு திரும்பியபோது அடைக்கலம் கொடுத்ததும் இவர்தான். முதலாளியாக இருந்துகொண்டே இடதுசாரியாக இருப்பதில் அவருக்கு முரண்பாடு தெரியவில்லை. தெரிந்திருந்தாலும் அதற்காகத் தூக்கத்தைக் கெடுத்துக்கொண்டதாகத் தோன்றவில்லை. 1930களின் தொடக்கத்தில் உலகப் பொருளாதார மந்தம் மர வியாபாரத்தைப் படுக்கவைத்தது. அவருடைய மரக் கம்பெனியும் அதில் போனது.

எழுத்து அதற்கு முன்பே இருந்தது. எஸ்தோனிய மொழியில் எழுதிய ‘பண்ணையின் பிள்ளைகள்’ நாடகம் 1912இல் மேடையேறியதுமே ஜார் ஆட்சியின் தணிக்கையில் சிக்கித் தடையானது. 1933இல் ‘சட்டமும் ஒழுங்கும்’ என்ற ஃபின்னிஷ் நாடகம் 1918இன் உள்நாட்டுப் போரைத் தொட்டது. அதையும் நிறுத்தினார்கள். வலதுசாரி லாப்புவா இயக்கம் நாட்டையே மிரட்டிவிட்டு அடங்கியிருந்த நேரம். இடதுசாரி என்று பெயர் வாங்கிய ஒருவருடைய எழுத்தைப் பார்த்த மாத்திரத்தில் சந்தேகப்படும் சூழல். ஆகவே அடுத்த நாடகம் வேறு பெயரில் போனது. 1936 மார்ச் மாதக் கடைசியில் ஹெல்சின்கி மக்கள் நாடக அரங்கில், எயினோ சால்மெலாய்னென் இயக்கத்தில், யுஹானி தெர்வாபா எழுதிய ‘நிஸ்காவுவோரியின் பெண்கள்’ அரங்கேறியது. எழுதியவர் யார் என்று ஊரே கேட்கும் அளவுக்கு வெற்றி. உண்மை வெளியே கசிந்தபோது நாடகத்தைத் தடுத்து நிறுத்த யாராலும் முடியவில்லை. சரக்கை முதலில் விற்றுவிட்டுப் பிறகு முகவரியைச் சொல்லும் வியாபாரியின் உத்தி அது.

கதை எளிமையானது. பண்ணையின் இளம் எஜமான் ஆர்னே, பணம் கொண்டுவந்த மனைவி மார்த்தா, ஊர்ப் பள்ளிக்குப் புதிதாக வந்த ஆசிரியை இலோனா. மேலே எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டு ஆர்னேயின் தாய், மூத்த எஜமானி லோவீசா. ஆர்னேயும் இலோனாவும் நெருங்குகிறார்கள். ஊரின் தொலைபேசி இணைப்பகத்தில் உட்கார்ந்திருக்கும் சாந்த்ரா எல்லார் பேச்சையும் ஒட்டுக்கேட்கிறாள். பாதிரியார் வீட்டு அம்மாளிலிருந்து மருந்துக்கடை அம்மாள்வரை செய்தி பரவுகிறது. இந்த இணைப்பகத்தை நான் சாதாரண நகைச்சுவை உத்தியாகப் பார்க்கவில்லை. ஊரில் தகவலும் ஒரு சொத்து. அதை வைத்திருப்பவளுக்கு நிலம் இல்லாமலேயே அதிகாரம் உண்டு என்று வுவோலியோகிக்குத் தெரிந்திருந்தது. சினிமாவுக்கு வந்தபோது தொலைபேசி இன்னும் பலமடைந்தது. ஒரு முகத்திலிருந்து அடுத்த முகத்துக்கு வெட்டிக்கொண்டே போனால் கிராமம் முழுவதும் திரைக்கு வந்துவிடும்.

ஆனால் நாடகத்தின் முதுகெலும்பு லோவீசா. மகனிடம் அவள் ஒழுக்கம் பேசுவதில்லை. ஆண்கள் எங்கேயாவது போவார்கள், வீடு நிற்க வேண்டும் என்பது அவள் நிலை. அவளுக்கும் அதே அனுபவம் உண்டு, பொறுத்துக்கொண்டாள், ஆகவே மருமகளும் பொறுக்க வேண்டும்; ஆசிரியை எவ்வளவு நல்லவளாக இருந்தாலும் சரி, மார்த்தாவின் பணம் இந்த மண்ணில் புதைந்திருக்கிறது. அவள் கொடுமைக்காரியாகத் தெரிவதில்லை, அதுதான் தந்திரம். அவள் பக்கத்துக் கணக்கும் சரியாகவே இருக்கிறது. கடைசியில் ஆர்னே பண்ணையைத் துறந்து இலோனாவோடு போகிறான். 1936இல் இது காதலின் வெற்றி என்று கைதட்டப்பட்டிருக்கலாம். எழுதியவரின் கரிசனம் அவ்வளவு நேர்கோட்டில் இல்லை என்பதற்கு அடுத்தடுத்த நாடகங்களே சாட்சி. 1938இல் வந்த ‘நிஸ்காவுவோரியின் ரொட்டி’யில் அதே ஆர்னேயைத் திரும்பவும் மண்ணுக்கு இழுத்துவந்தார்.

1940இல் எழுதிய ‘நிஸ்காவுவோரியின் இளம் எஜமானி’யில் அவர் காலத்தில் பின்னோக்கிப் போனார். கதை 1880களில் நடக்கிறது. கிழவியாக நமக்குத் தெரிந்த லோவீசா இங்கே புது மருமகள். அவளுடைய சீதனத்துக்காகவே பண்ணையின் எஜமான் யுஹானி அவளைக் கட்டியிருக்கிறான்; அவன் மனம் பால்பண்ணை வேலைக்காரி மால்வீனாவிடம் இருக்கிறது, அவளுக்குக் குழந்தையும் பிறக்கிறது. லோவீசாவுக்கு முன்னால் இரண்டு வழி. தந்தை வீட்டுக்குத் திரும்பலாம். இல்லை, இருந்து சாவியைக் கைப்பற்றலாம். அவள் இருக்கிறாள். முந்திய நாடகத்தில் அந்தக் கிழவி அவ்வளவு உறுதியாகச் சொன்ன ஒவ்வொரு வாக்கியத்துக்கும் அவள் என்ன விலை கொடுத்தாள் என்பது இப்போதுதான் தெரிகிறது. முதலில் ரசீதைக் காட்டிவிட்டு, நான்கு ஆண்டுகள் கழித்து விலையைச் சொல்கிறார் ஆசிரியர். தொடர்கதை எழுதுபவர்கள் பெரும்பாலும் முன்னால் ஓடுவார்கள். பின்னால் போவதற்குத் தன் பாத்திரத்தின் மேல் நம்பிக்கை வேண்டும்.

திரையில் நிஸ்காவுவோரியை முதலில் கட்டியவர் வாலென்டின் வாலா. 1909இல் ஹெல்சின்கியில் பிறந்தவர், சுவோமி-ஃபில்மியின் நம்பிக்கைக்குரிய இயக்குநர், நகரத்து நாகரிகத்தைப் படம்பிடிப்பதில் தேர்ந்தவர். 1938இல் ‘நிஸ்காவுவோரியின் பெண்கள்’ படத்தையும், போர் முடிந்த மறு ஆண்டு 1946இல் ‘லோவீசா’வையும் எடுத்தார். பின்லாந்தின் பெரிய நட்சத்திரம் தவ்னோ பாலோ முதல் படத்தில் மகன் ஆர்னே, இரண்டாவதில் அப்பா யுஹானி. ஒரே முகம் இரண்டு தலைமுறைக்கும் வந்ததில், வீட்டை விட்டு மனம் போகும் ஆண் என்பது அந்தப் பண்ணையின் பரம்பரைச் சொத்து போலவே ஆகிவிட்டது. அந்த இரண்டாவது படத்தில் லோவீசாவாக எம்மா வானானென் நடித்தார். குரலை உயர்த்தாமல் ஓர் அறையைத் தன் வசமாக்கும் அவருடைய நடிப்பைப் பார்க்கும்போது, நல்ல வசனம் எழுதப்பட்ட இடத்தில் நடிகைக்கு எவ்வளவு குறைவான வேலையே மிச்சமிருக்கிறது என்று தோன்றும்.

வாலா முதலில் எடுத்த வுவோலியோகி கதை நிஸ்காவுவோரி இல்லை. 1937இல் வந்த ‘யூராகோன் ஹுல்டா’. கிராமத்திலிருந்து வேலை தேடி ஹெல்சின்கிக்கு வரும் ஏழைப் பெண் ஹுல்டாவாக இர்மா செய்க்குலா. நாடாளுமன்ற உறுப்பினரான நீதிபதி சொராத்தியேயாக தவ்னோ பாலோ. ஹுல்டா அவர் வீட்டில் வேலைக்காரியாகச் சேர்கிறாள், பகலில் வேலை, இரவில் படிப்பு, பொதுவாழ்க்கையில் கால் வைக்கிறாள், கடைசியில் எஜமானரோடு சமமாக நின்று வாதாடுகிறாள். கதையைச் சுருக்கிச் சொன்னால் தேவதைக் கதை போல இருக்கும். பின்லாந்துப் பார்வையாளருக்கு அப்படி இல்லை. 1906இல் அங்கே பெண்களுக்கு வாக்குரிமையும் தேர்தலில் நிற்கும் உரிமையும் கிடைத்தன. 1907இல் 19 பெண்கள் நாடாளுமன்றத்துக்குள் போனார்கள். அவர்களில் ஒருவரான மீனா சில்லன்பா சிறுவயதிலேயே ஆலையில் வேலை செய்து, பிறகு ஹெல்சின்கி வீடுகளில் வேலைக்காரியாக இருந்து, வேலைக்காரிகளுக்குச் சங்கமும் பத்திரிகையும் நடத்தியவர். 1926இல் நாட்டின் முதல் பெண் அமைச்சரும் ஆனார். ஹுல்டா பார்வையாளர்களின் நினைவில் ஏற்கெனவே நடமாடிக்கொண்டிருந்த ஒருத்தி.

அதே கதை கடல் தாண்டியது. டேவிட் செல்ஸ்னிக் இங்கிரிட் பெர்க்மனை மனத்தில் வைத்து உரிமையை வாங்கினார், பெர்க்மன் நடிக்கவில்லை. டோரி ஷாரி தயாரிப்பில், எச். சி. பாட்டர் இயக்கத்தில், ஆலன் ரிவ்கினும் லாரா கெர்ரும் எழுதிய திரைக்கதையோடு 1947இல் ஆர்.கே.ஓ. நிறுவனத்தின் ‘தி ஃபார்மர்ஸ் டாட்டர்’ வந்தது. ஹுல்டா இப்போது மினசோட்டாவின் ஸ்வீடிஷ் வம்சாவளிப் பெண் கேட்டி ஹோல்ஸ்ட்ராம். நர்ஸ் படிப்புக்குப் போகும் வழியில் பணத்தைப் பறிகொடுத்து, காங்கிரஸ் உறுப்பினர் வீட்டில் வேலைக்குச் சேர்கிறாள். அந்த உறுப்பினராக ஜோசப் காட்டன், அவர் தாயாக எத்தல் பாரிமோர். கேட்டியாக நடித்த லொரெட்டா யங், ரோசலின்ட் ரசலுக்குத்தான் கிடைக்கும் என்று எல்லாரும் நம்பியிருந்த ஆஸ்கரைத் தட்டிச்சென்றார். 1963முதல் மூன்று ஆண்டுகள் தொலைக்காட்சித் தொடராகவும் ஓடியது.

ஹாலிவுட் எதை எடுத்துக்கொண்டது, எதைக் கழித்தது என்று பார்ப்பது சுவாரசியம். பணிப்பெண்ணுக்கும் எஜமானருக்கும் இடையிலான சாதுரியப் பேச்சு அப்படியே போனது. வர்க்கம் போய்விட்டது. ஹுல்டாவின் அரசியல் அவளுடைய கைகளின் வேலையிலிருந்து வருகிறது. கேட்டியின் அரசியல் நல்ல மனதிலிருந்து வருகிறது. அமெரிக்கப் படம் மோசமான படம் இல்லை, வெறுப்பு அரசியல் நடத்தும் வேட்பாளரை அம்பலப்படுத்தும் துணிவும் அதற்கு இருந்தது. ஆனால் வுவோலியோகியின் காட்சியில் மேசையின் இருபுறமும் எடை இருக்கும். இங்கே ஒரு பக்கம் லேசாகிவிட்டது. மூல ஆசிரியரின் புனைபெயரையும் யுஹ்னி தெர்வதா என்று பிழையாகவே திரையில் போட்டார்கள். அந்தப் பிழை ஒருவேளை நல்லதாகவே போயிருக்கலாம். படம் வெளிவந்த ஆண்டின் அக்டோபரில் ஹாலிவுட்டில் கம்யூனிஸ்டுகளைத் தேடும் நாடாளுமன்றக் குழு விசாரணை நடத்தியது, தயாரிப்பாளர் ஷாரியே சாட்சி சொல்லப் போக வேண்டியிருந்தது. தெர்வதா என்ற அந்த மனிதர் சோவியத் உளவாளிக்கு உதவியதாகத் தண்டிக்கப்பட்ட பெண் என்றும், பின்லாந்தில் கம்யூனிஸ்டுகள் இடம்பெற்ற கூட்டணியின் உறுப்பினராக நாடாளுமன்றத்தில் அமர்ந்தவர் என்றும் அந்தக் குழுவில் யாராவது கவனித்திருந்தால் லொரெட்டா யங்கின் இரவு வேறு மாதிரி போயிருக்கும்.

இனி மார்லேபேக். 1940 ஏப்ரலில் ஜெர்மன் நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்ட் தன் குடும்பத்தோடு ஹெல்சின்கி வந்து சேர்ந்தார். ஹிட்லரின் படைகள் டென்மார்க்கிலும் நார்வேயிலும் இறங்கிவிட்டன. அமெரிக்க விசாவுக்குக் காத்திருக்கும் நேரம். அவரைப் பின்லாந்துக்கு வரவழைத்தவர்களில் முக்கியமானவர் வுவோலியோகி. அந்தக் கோடையை பிரெக்ட், மனைவி ஹெலன வைகல், குழந்தைகள், நோயாளியான உதவியாளர் மார்கரெட்டே ஸ்டெஃபின் எல்லாரும் மார்லேபேக்கில் கழித்தார்கள். பண்ணைக்காரி மாலைகளில் கதை சொல்வார், ஸ்டெஃபின் சுருக்கெழுத்தில் குறித்துக்கொள்வார். பிரெக்ட்டின் நாட்குறிப்புகளில் இந்தக் கதைசொல்லல் மேல் இருந்த வியப்பு தெளிவாகத் தெரிகிறது. அவர் எழுதும் நாடகங்களைப் பற்றி அதே வியப்பு இல்லை.

சூலோவின் உறவினர் ஒருவர், ஹாமேக்காரர், மதுவிலக்கு அமலில் இருந்த காலத்தில் குடித்துவிட்டு, இன்னும் சாராயம் தேடிக் காரில் ஊர்சுற்றி, வழியில் பார்த்த பெண்களுக்கெல்லாம் திருமண வாக்குக் கொடுத்த கதை வுவோலியோகியிடம் இருந்தது. பின்லாந்தில் மதுவிலக்கு 1919முதல் 1932வரை. இதிலிருந்து ‘ஒரு ஃபின்னிஷ் பாக்கஸ்’ என்ற சிறுகதையையும், ‘மரத்தூள் இளவரசி’ என்ற நகைச்சுவையையும் எழுதி வைத்திருந்தார். நாடகமாகவும் படமாகவும் விற்கப் பார்த்த சரக்கு அது. அதில் பண்ணையார் மகளைக் காதலிக்கும் கார் ஓட்டுநர் உண்மையில் வேடமிட்டிருக்கும் படித்த மனிதர். கடைசியில் வேடம் கலைந்து கல்யாணம். ஒரு நாட்டுப்புற நாடகப் போட்டிக்கு இருவரும் சேர்ந்து இதைத் திருத்தி எழுதலாம் என்று முடிவானது. பிரெக்ட் எழுத உட்கார்ந்தார். வேடத்தைக் கழற்றி எறிந்தார். ஓட்டுநர் நிஜமாகவே ஓட்டுநரானான். குடித்தால் மனிதனாகவும் தெளிந்தால் முதலாளியாகவும் மாறும் பண்ணையார் நடுவில் நின்றார். வரவேற்பறை நகைச்சுவைக்கு உள்ளே ஒரு கிராமியக் கூத்து புதைந்திருக்கிறது, அதைத் தோண்டி எடுப்பதே தன் வேலை என்ற கருத்தில் நாட்குறிப்பில் எழுதினார்.

படித்துப் பார்த்த வுவோலியோகி அதிர்ந்துபோனார். இதில் நாடகமே இல்லை, சிரிப்பு வரவில்லை, எல்லாரும் ஒரே மாதிரி பேசுகிறார்கள் என்பது அவர் முறையீடு. பிரெக்ட்டே பதிவுசெய்திருக்கும் இந்தச் சண்டை, இரண்டு எழுத்துமுறைகளின் சண்டை. ஒருவருக்குக் காட்சி என்றால் அழுத்தம் ஏறிக்கொண்டே போய் யாரோ ஒருவர் விட்டுக்கொடுக்கும் கணம். இன்னொருவருக்குக் காட்சி என்றால் விட்டுக்கொடுக்க வைப்பது யார், ஏன் என்று நிறுத்திப் பார்க்கும் இடம். பிரெக்ட் பெரிய கலைஞர் என்பதில் சந்தேகமில்லை. ஆனாலும் இந்த வழக்கில் வுவோலியோகியின் குறை முழுக்கத் தவறு என்று எனக்குத் தோன்றவில்லை. ‘புன்டிலாவும் அவர் ஆள் மட்டியும்’ நாடகத்தில் இன்றும் உயிரோடு துடிப்பவை குடிபோதைக் கதைகளும், வாக்குறுதி வாங்கிய பெண்கள் தங்கள் வாழ்க்கையைச் சொல்லும் இடங்களும். அவை மார்லேபேக் மாலைகளின் சொத்து. அவரே பிறகு மனம் மாறி அதை ஃபின்னிஷில் பெயர்த்தார். போட்டியில் பரிசு கிடைக்கவில்லை. 1946இல் அந்த ஃபின்னிஷ் வடிவம் இருவர் பெயரிலும் நூலாக வந்தது.

1948இல் சூரிக்கிலும், 1949 நவம்பரில் பெர்லினர் ஆன்சாம்பிளின் தொடக்க நாடகமாகவும் மேடையேறி, உலகம் முழுவதும் பிரெக்ட்டின் புன்டிலாவாகவே அது அறியப்பட்டது. வுவோலியோகியின் கதைகளையும் நாடக வரைவையும் தழுவியது என்ற ஒரு வரி நூலில் உண்டு. ஆல்பெர்ட்டோ கவல்கான்டி 1955இல் ஆஸ்திரியாவில் அதைப் படமாக எடுத்தார். 1979இல் ரால்ஃப் லோங்பாக்கா இயக்கத்தில் லாஸ்ஸே பொய்ஸ்தி புன்டிலாவாக நடிக்க, பின்லாந்திலேயே படமானது. ஹாமேயின் ஒரு குடிகார உறவினர் ஜெர்மன் நாடகமாகிச் சுற்றிவிட்டுத் தன் ஊர்த் திரைக்கு வந்து சேர்ந்தார். கோதுமைக்கும் மரத்துக்கும் காசு கறாராக வாங்கத் தெரிந்த பெண்மணி, பெயர் விஷயத்தில் மட்டும் ஏன் இப்படிக் கை தளர்த்தினார் என்ற கேள்வி எழாமல் இல்லை. என் ஊகம்: புனைபெயரில் எழுதிப் பழகியவருக்கு, பெயரைவிடக் காட்சி மேடையேறுவது பெரிதாகப்பட்டிருக்கும்.

அவருடைய மிகப் பெரிய பேரம் மேடையில் நடக்கவில்லை. 1939 நவம்பர் 30 அன்று சோவியத் யூனியன் பின்லாந்தைத் தாக்கியது. ஹெல்சின்கி அரசை ஏற்க மறுத்து, எல்லையோர ஊரில் கூசினென் தலைமையில் ஒரு பொம்மை அரசையும் அறிவித்தது. முன்பு வுவோலியோகியின் அடைக்கலத்தில் இருந்த அதே கூசினென். 1940 ஜனவரியில் வெளியுறவு அமைச்சர் வைனோ தன்னரின் ஒப்புதலோடு வுவோலியோகி ஸ்டாக்ஹோம் போய், அங்கே சோவியத் தூதராக இருந்த பழைய தோழி அலெக்சாண்ட்ரா கொல்லொன்தாயைச் சந்தித்தார். அவர் திறந்த வழியில் பேச்சு தொடர்ந்தது. மாஸ்கோ கூசினென் அரசை ஓரங்கட்டி ஹெல்சின்கியோடு பேச ஒப்புக்கொண்டது. மார்ச் 13இல் சண்டை ஓய்ந்தது, கடுமையான நிபந்தனைகளோடு.

நாட்டுக்குச் செய்த இந்த உதவி அவரைக் காப்பாற்றவில்லை. 1942இல் பாராசூட்டில் இறங்கிய சோவியத் உளவாளி கெர்த்து நுவோர்தேவாவோடு தொடர்பு வைத்துக்கொண்டதற்காக 1943இல் கைதாகி, தேசத்துரோகக் குற்றத்துக்கு ஆயுள் தண்டனை பெற்றார். 1944 செப்டம்பரில் போர்நிறுத்தம் வந்ததும் விடுதலை. சிறை அனுபவத்தை எழுதிய நூலுக்கு ‘நான் கைதியாக இருக்கவில்லை’ என்று பொருள்படும் தலைப்பு வைத்தார். 1945இல் பின்லாந்து வானொலியின் தலைமைப் பொறுப்பு கிடைத்தது. எதிரெதிர்க் கட்சிக்காரர்களை ஒரே மேசையில் உட்காரவைத்து வாதாடவைக்கும் ‘சின்னப் பாராளுமன்றம்’ நிகழ்ச்சி அப்போது தொடங்கியதுதான். அவருடைய நாடகக் காட்சியின் இலக்கணம் அப்படியே அலைவரிசைக்குப் போனது. உழைப்பாளிக் குடும்பம் ஒன்றின் அன்றாடத்தைச் சொல்லும் வானொலித் தொடர் ஒன்றையும் எழுதினார். அரசியல் காற்று திரும்பியதும் நாடாளுமன்றம் வானொலியின் நிர்வாகச் சட்டத்தையே மாற்றியது. 1949இல் பதவி போனது.

பதவி போனதில் நாடகத்துக்கு லாபம். 1950இல் ‘நிஸ்காவுவோரியின் ஹேத்தா’ வந்தது. என் கணிப்பில் அவருடைய மிக இறுக்கமான படைப்பு. பண்ணையின் அகங்காரம் பிடித்த மகள் ஹேத்தா, ஏமாற்றியவனால் கருவுற்று, மானத்தைக் காக்க வேலையாள் அகுஸ்தியைக் கட்டிக்கொள்கிறாள். அவன் உழைத்து முன்னேறி ஊர் மதிக்கும் மனிதனாகிறான். அவள் வாழ்நாள் முழுக்க அவனை வேலையாளாகவே நடத்துகிறாள். அவன் சாகும் தறுவாயில்தான் தன் கணக்கு எங்கே பிசகியது என்று அவளுக்குத் தெரிகிறது. 1952இல் எட்வின் லாய்னே இதைப் படமாக்கினார். ஹேத்தாவாக ரவ்னி லுவோமா, அகுஸ்தியாகக் கார்லோ ஹல்த்துனென். அகுஸ்தி பேசுவது குறைவு. சிடுசிடுப்பான ஒரு பெண்ணுக்கு எதிரே மௌனத்தையே பதிலாக வைக்கும் துணிவு, பேச்சையே நம்பி எழுதிய ஆசிரியருக்கு 64ஆம் வயதில் வந்தது.

1954 பிப்ரவரி 2 அன்று வுவோலியோகி இறந்தார். அதே ஆண்டு லாய்னேயின் ‘நிஸ்காவுவோரியின் ஆர்னே’, 1957இல் போர்க்காலக் கதையான ‘நிஸ்காவுவோரி போராடுகிறது’, 1958இல் வாலா தன் முதல் படத்தையே திரும்ப எடுத்தது என்று வரிசை நீண்டது. திரைப்பட ஆய்வாளர் அனு கொய்வுனென் 2003இல் இந்த ஏழு படங்களையும் வைத்து ஒரு பெரிய நூலே எழுதினார். ஒவ்வொரு தலைமுறையும் இந்தப் பெண்களை எப்படி வேறு வேறாகப் பார்த்தது என்பது அதன் விசாரணை. 2011இல் வந்த ‘ஹெல்லா டபிள்யூ’ அவரையே கதாநாயகியாக்கியது. அதில் கைதும் அரசியலும் முன்னால் நிற்கின்றன, எழுதும் மேசைக்குக் கிடைத்த இடம் குறைவு. உளவுக்கதையைப் படமெடுப்பது சுலபம்தான்.

மத்தி கஸ்ஸிலா 1984இல் எடுத்த ‘நிஸ்காவுவோரி’, ஆர்னே போன கதையையும் திரும்பி வந்த கதையையும் ஒன்றாகச் சேர்த்துக்கொண்டது. அதில் மூத்த எஜமானி லோவீசாவாக வந்தவர், 32 ஆண்டுகளுக்கு முன் ஹேத்தாவாக நடித்த அதே ரவ்னி லுவோமா. அப்போது அந்த வீட்டை விட்டுக் கோபத்தோடு வெளியேறிய நாத்தனார். இப்போது சாவிக்கொத்தோடு மேசையின் மறுபக்கம் உட்கார்ந்து மகனிடம் நிலத்தின் கணக்கைச் சொல்லிக்கொண்டிருந்தார்.